ஏ.ஈ. மனோகரன் 'சுராங்கனி' என்ற ஒரே பாட்டால் பெயர் வாங்கியவர்தானே? அவரை ஏன் பெரிய கலைஞர் என்று கொண்டாடுகிறார்கள்?

இந்தக் கேள்வியைப் பார்த்துவிட்டு இரண்டு நாள் பேசாமல் இருந்தேன். மனம் கேட்கவில்லை, எழுதுகிறேன்.

கேட்டவருக்கு இருபது, இருபத்தைந்து வயது இருக்கும் என்று நினைக்கிறேன். கைப்பேசியில் எங்கள் இலங்கைத் தமிழ்ப் பாடகர் மனோகரனின் பழைய பாட்டு ஒன்று ஓடியிருக்கும். கீழே ஆளாளுக்கு 'பொப் இசைச் சக்கரவர்த்தி' என்று எழுதியிருப்பார்கள். ஒரு பாட்டுக்கு இவ்வளவா என்று தோன்றியிருக்கும். தோன்றுவதில் தப்பில்லை. ஆனால் அந்த 'ஒரே பாட்டு' என்ற சொல்தான் எனக்குச் சுட்டது.

முதலில் கேட்டதற்குப் பதில். மனோகரன் 1966இல் வந்த 'பாச நிலா' என்ற இலங்கைத் தமிழ்ப் படத்திலேயே நடித்தவர். 1978இல் செங்கை ஆழியானின் 'வாடைக்காற்று' நாவல் படமானபோது அதிலும் இருந்தார். அக்கரைக்கு, இந்தியாவுக்குப் போய்த் தமிழிலும் மலையாளத்திலும் வில்லனாக நடித்தார், பிறகு சின்னத்திரைத் தொடர்களிலும் வந்தார். 2018 ஜனவரி 22 அன்று சென்னையில் காலமானபோது அவருக்கு வயது 73. மேடை, வானொலி, இசைத்தட்டு, கசெற், பெரிய திரை, சின்னத்திரை என்று காலம் எதை முன்னே வைத்ததோ அதில் ஏறி நின்ற மனிதர் அவர். 1972இல் எங்கள் நாடு சிலோன் என்ற பெயரை விட்டுவிட்டது. தமிழ்நாட்டில் அவர் மட்டும் கடைசிவரை 'சிலோன் மனோகர்' ஆகவே இருந்தார். ஊர்ப் பெயரைத் தன் பெயருக்கு முன்னால் வைத்துக்கொண்டு வேற்று ஊரில் வேலை கேட்டு நிற்பது லேசான காரியம் இல்லை. அப்படி நின்றவர்களுக்குத்தான் அது தெரியும்.

இன்னொன்று. மனோகரன் முன்பே பாடியிருந்த சுராங்கனி 1977இல் 'அவர் எனக்கே சொந்தம்' என்ற தமிழ்நாட்டுப் படத்துக்குள் போனது. இசை இளையராஜா, பாடியவர்களில் ஒருவர் மலேசியா வாசுதேவன். வாசுதேவன் எனக்கும் பிடித்த பாடகர், அவரைக் குறை சொல்லவில்லை. ஆனாலும் இன்றைக்கும் எத்தனை பேர் அந்தப் படத்தை வைத்துத்தான் இந்தப் பாட்டையே அடையாளம் சொல்கிறார்கள் என்று பாருங்கள்.

உடனே சிலர் கீழே வந்து, 'சின்ன மாமியே' பாட்டும் மனோகரனுடையதுதானே, அதை ஏன் விட்டீர்கள் என்று எழுதுவார்கள். அது உரும்பிராய் நித்தி கனகரத்தினம் பாடியது. ஒருவருடைய பெருமையைப் பிடுங்கி மற்றவருக்குக் கொடுக்க எனக்கு விருப்பமில்லை. வேறு சிலர், சுராங்கனி மாதிரித் துள்ளாட்டப் பாட்டான பைலாவெல்லாம் ஒரு இசையா, தண்ணியடித்துவிட்டு ஆடுவதற்கல்லவா என்பார்கள். யாழ்ப்பாணத்தில் இதைக் கேட்டுக் கேட்டே வளர்ந்தவன் நான். வயலினோ மிருதங்கமோ படித்தால் சங்கீதம், கிற்றார் தூக்கினால் பெடியன் கெட்டுப்போனான். போர்த்துக்கீசர் காலத்து வேர், கரையோரச் சிங்களவரின் ஆட்டம், எங்கள் தமிழ் மூன்றும் ஒரே தாளத்தில் வந்து நிற்பது எவ்வளவு பெரிய விஷயம் என்று அப்போது யாரும் சொல்லித் தரவில்லை. எனக்கு அதை விளங்கவைத்தது ஒரு சைக்கிள்.

எங்கள் வீடு கொக்குவிலில். 1990 ஆனியில் சண்டை திரும்பத் தொடங்கியது, மின்சாரம் நின்றது. எனக்குப் பன்னிரண்டு வயது. ராத்திரியில் ஜாம் போத்தலுக்குள் துளி மண்ணெண்ணெய் விட்டு எரித்த விளக்கில்தான் படிப்பு. பற்றறி வராது, வந்தாலும் வாங்க முடியாது. அப்பா சைக்கிளை இரட்டை ஸ்ராண்டில் ஏற்றி, பின்சில்லு தரையில் முட்டாமல் நிறுத்தி, டைனமோவை ரயரோடு சாய்த்துவிடுவார். அதிலிருந்து வயர், நடுவில் நாலு டயோட், அப்பால் ரேடியோ. ஒருவர் மிதிக்க மற்றவர்கள் செய்தி கேட்பார்கள். அந்தக் காலத்தில் அங்கே இருந்த எல்லோருக்கும் இது தெரியும், நான் கதை கட்டவில்லை.

செய்தி முடிந்தபின் சில நாட்களில் கசெற் போடுவார். ரெக்கோடிங் பாரில் பட்டியல் எழுதிக் கொடுத்து அடித்த கசெற், ஒரு பக்கம் சீர்காழி, மறுபக்கம் பொப் பாட்டுகள். சுராங்கனி மறுபக்கத்தில் மூன்றாவது. மிதிப்பது என் வேலை. ரேடியோவுக்கு ஓரளவு மிதித்தால் போதும், கசெற்றுக்கு அது சரிவராது. கால் கொஞ்சம் தளர்ந்தாலும் உள்ளே மோட்டார் மெதுவாகும், மனோகரனின் குரல் கிணற்றுக்குள் இறங்கின மாதிரி இழுபடும். "தம்பி, அவற்ர குரல் இழுபடுது, மிதி மிதி" என்பார் அப்பா. நான் எழும்பி நின்று மிதிப்பேன். குரல் மேலே வந்து தன் இடத்தில் நிற்கும். அந்த இடம் எனக்குக் காலில் தெரியும். வேகமான பாட்டுத்தான், ஆனால் ஒரு சொல் விழுங்கப்படாது. எவ்வளவு துள்ளினாலும் குரல் தாளத்தை விட்டு மயிரிழை விலகாது. அவ்வளவு சுத்தமாகப் பாடியிருக்கிறார் என்பதை வியர்க்க வியர்க்கத் தெரிந்துகொண்டேன்.

ஒருநாள் பக்கத்து வீட்டு அண்ணர் வேலிக்கு மேலால் எட்டிப் பார்த்து, "உது என்ன அண்ணை, சிங்களப் பாட்டே?" என்று கேட்டார். சாதாரணக் கேள்வி இல்லை அது. அதற்கு முந்தின வாரம்தான் ஊரில் குண்டு விழுந்திருந்தது. கொழும்பில் கடையில் நின்ற அப்பா, 83 கலவரத்தில் உடுத்த உடுப்போடு கப்பலில் காங்கேசன்துறைக்கு வந்து இறங்கியவர். கோபப்பட வேண்டுமென்றால் அவருக்குத்தான் உரிமை. அவர் வேலியடிக்குப் போய், "இல்லை தம்பி, எங்கட மனோகரன்ர பாட்டு" என்றார். அவ்வளவுதான் சொன்னார். பிறகு வந்து என் பக்கத்தில் இருந்துகொண்டு, மாலு என்றால் மீன், கெனாவா என்றால் கொண்டுவந்தேன் என்று ஒவ்வொரு சொல்லாகச் சொல்லித் தந்தார். நான் படித்த முதல் சிங்களச் சொற்கள் அவைதான். அந்த நேரத்தில், அந்த ஊரில், இரண்டு மொழியையும் ஒரே வாயில் வைத்திருந்த ஒருவரை எங்கள் ஆள் என்று சொல்ல அப்பாவுக்கு எந்தத் தயக்கமும் இருக்கவில்லை. இதற்கு மேல் 'பெரிய கலைஞர்' என்ற சொல்லுக்கு வேறு என்ன விளக்கம் வேண்டும் என்று எனக்குத் தெரியவில்லை.

1995 ஐப்பசி இடம்பெயர்வில் கசெற் போனது, சைக்கிள் மட்டும் எங்களோடு வந்தது.

சமாதான காலத்தில், 2003இல், எனக்குக் கலியாணம். இரவு வரவேற்பில் நாலு பெடியள் சின்னதாக ஒரு இசைக்குழு. சுராங்கனி தொடங்கியதும் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு அப்பா எழும்பினார். அவர் ஆடியதை வாழ்நாளில் அன்றுதான் பார்த்தேன். மூன்று நிமிடம் இருக்கும்.

இதை இங்கே சொல்லக்கூடாது, ஆனாலும் சொல்கிறேன். எங்கள் ஊர்க் கலியாண வீடியோக்காரர்கள் மேல் எனக்கு ஆறாத கோபம் ஒன்று உண்டு. ஒரு மாதம் கழித்துக் கொண்டுவந்து தந்த வீடியோவில் மண்டபத்துச் சத்தம் ஒரு சொட்டுக்கூட இல்லை. எல்லாவற்றையும் துடைத்துவிட்டு, தொடக்கம் முதல் முடிவு வரை சினிமாப் பாட்டுப் போட்டிருந்தார்கள். அப்பா ஆடுகிறார், பின்னால் ஏதோ காதல் சோகப் பாட்டு. மூலப் பிரதியைத் தாருங்கள் என்று கேட்டால் அந்த வீடியோ நாடாவில் அடுத்த கலியாணம் எடுத்தாயிற்று என்றார்கள். காசு முழுதாக வாங்கினவர்கள். இன்றைக்கும் அதே கூத்துத்தான், இப்போது ட்ரோன் மட்டும் கூட. அறுகரிசி போடும் கிழவியை நிறுத்தி, "அம்மா இன்னொருக்கால் போடுங்கோ" என்கிறார்கள். ஐயர் சொல்லும் மந்திரம், பாட்டியின் அழுகை, பிள்ளைகளின் கூச்சல் ஒன்றும் மிஞ்சாது. வீட்டில் கலியாணம் வைத்திருப்பவர்கள் தயவுசெய்து மண்டபச் சத்தத்தை அப்படியே தனியாகக் கேட்டு வாங்குங்கள்.

அப்பா 2011இல் போய்விட்டார். மனோகரன் இறந்த செய்தி வந்த இரவு அந்த வீடியோவை எடுத்துச் சத்தத்தை நிறுத்தினேன். மகனின் கைப்பேசியில் சுராங்கனியை ஓடவிட்டேன். ஒத்துவரவில்லை. மண்டபத்துப் பெடியள் கொஞ்சம் ஓட்டமாக வாசித்திருக்க வேண்டும், அப்பாவின் கால் முந்திக்கொண்டே போனது. மகன் வேகத்தை ஒரு படி கூட்டினான். இரண்டு மூன்று தடவை முதலில் இருந்து போட்டுப் பார்த்தோம். நாலாவது தடவை, அப்பா வலது காலைத் தூக்கி வைக்கும் இடத்தில், 'மாலு' சரியாக வந்து விழுந்தது.