என்-கேஜ் – கடிதமும் பதிலும்

வணக்கம்,

பழைய கைபேசிகளைப் பற்றிய உங்கள் கட்டுரையைப் படித்தேன். கேம் ஆடுவதற்கென்றே நோக்கியா செய்த போனான என்-கேஜ் பற்றி அதில் ஒரு வரிகூட இல்லை. மாமா துபாயிலிருந்து கொண்டுவந்த ஒன்று இன்னும் என்னிடம் இருக்கிறது. நண்பர்களிடம் காட்டினால் சிரிக்கிறார்கள். ஆனால் இன்று எல்லோரும் போனில்தானே விளையாடுகிறோம்? அது காலத்தை முந்தி வந்த கருவி என்பேன். நீங்கள் என்ன நினைக்கிறீர்கள்?

*

அன்புள்ள நண்பருக்கு,

அதை நான் விட்டிருக்கக் கூடாது. என்-கேஜ் மேல் எனக்கு நிஜமான பிரியம் உண்டு. ஆனால் ‘காலத்தை முந்தியது’ என்பதை ஏற்க முடியவில்லை. 2003 அக்டோபரில் அது கடைக்கு வந்தபோதே, கையில் எடுத்த யாருக்கும் குறை தெரிந்தது.

வேறு கேம் போட வேண்டுமா? போனை அணைத்து, பின்மூடியைக் கழற்றி, பேட்டரியை எடுத்து, அதற்கு அடியில் இருக்கும் மெமரி கார்டை மாற்ற வேண்டும். பிறகு எல்லாவற்றையும் திரும்ப மாட்டி, போன் விழித்துக்கொள்ளும்வரை காத்திருக்க வேண்டும். திரையோ நெட்டுவாக்கில், 176க்கு 208 புள்ளிகள். ஓடுகிறவனுக்கு முன்னால் என்ன வருகிறது என்று பார்க்க அகலமே இல்லை. அப்புறம், பேசுவது. ஸ்பீக்கரையும் மைக்கையும் விளிம்பில் வைத்துவிட்டார்கள். பேச வேண்டுமென்றால் போனின் ஓரத்தைக் கன்னத்தில் ஒட்டிப் பிடிக்க வேண்டும். மடித்த ரொட்டிக்குள் கறி வைத்துத் தரும் மெக்சிகோ பண்டம் டாக்கோ. அதைக் காதில் வைத்துப் பேசுவதுபோல இருக்கிறது என்று அமெரிக்காவில் ‘டாக்கோ போன்’ எனப் பெயரே வைத்துவிட்டார்கள். கண்ணில் பட்ட சாமான்களையெல்லாம் அதேபோல விளிம்பு கன்னத்தில் படக் காதோரம் பிடித்துப் படமெடுத்து இணையத்தில் போட்டார்கள். விலை 299 டாலர்; அதே ஆண்டு வந்த நின்டெண்டோவின் கையடக்க கேம் கருவி கேம் பாய் அட்வான்ஸ் எஸ்பி 100 டாலருக்கு ஒரு சென்ட் குறைவு.

அடுத்த ஆண்டே என்-கேஜ் க்யூடி வந்தது. கார்டு போடும் இடம் வெளியே வந்துவிட்டது, சாதாரண போன்போலப் பேச முடிந்தது. சில மாதங்களில் திருத்த முடிந்ததை முதலிலேயே செய்திருக்கலாமே? இதில் காலத்தின் தவறு எங்கே இருக்கிறது?

ஆனால் உங்கள் நண்பர்களின் சிரிப்போடும் நான் சேர மாட்டேன். டூம் ரைடர் போன்ற பெரிய பெயர்கள் அதில் இரவல் சட்டை போட்டு நின்றன. பிளேஸ்டேஷனுக்குத் தைத்ததை இந்தச் சின்னத் திரைக்குள் திணித்திருந்தார்கள். பாத்வே டு குளோரி அப்படியல்ல. ஹெல்சிங்கியின் ரெட்லிங்க்ஸ் நிறுவனம் 2004இல் செய்தது. இரண்டாம் உலகப் போர். வீரர்களை முறைவைத்து நகர்த்த வேண்டும். அன்றைய போன் இணையம் எவ்வளவு மெதுவானது என்று நமக்குத் தெரியும். முறைவைத்து ஆடும் ஆட்டத்துக்கு அந்த மெதுவு இடைஞ்சலே இல்லை. தூரத்தில் இருப்பவருடன் நோக்கியாவின் இணைய ஆட்டச் சேவையான என்-கேஜ் அரீனா வழியாக ஆடலாம். பக்கத்தில் இருப்பவருடன் புளூடூத்தில் ஆடலாம். இருப்பது ஒரே போன் என்றால் கைமாற்றிக் கைமாற்றி ஆடலாம். போன் என்பது என்ன, அது யார் கையில், எப்படி இருக்கிறது என்று யோசித்தவர்கள் செய்த கேம் அது. அந்தக் கருவி விட்டுச்சென்றவற்றில் எனக்குப் பெரிதாகப் படுவது இதுதான். அதே ரெட்லிங்க்ஸ்தான் பிறகு ட்ரயல்ஸ் எச்டி என்ற பைக் கேமைச் செய்தது.

காலம் குறுக்கே வந்தது பிறகுதான். 2008 ஏப்ரலில் நோக்கியா என்-கேஜை ஒரு சேவையாக மாற்றித் திறந்தது. என்95, என்81 போன்ற போன்களில் கேமை இறக்கி, கொஞ்சம் ஆடிப் பார்த்து, பிடித்தால் வாங்கலாம். இன்று நாம் செய்வதேதான். மூன்றே மாதத்தில், ஜூலையில், ஆப்பிளின் ஆப் ஸ்டோர் வந்தது. அடுத்த ஆண்டே மூடப்போவதாக நோக்கியா அறிவித்துவிட்டது. ‘முந்தியது’ என்று நீங்கள் சொல்வது இதற்குப் பொருந்தும் என்றால் சரி, ஒப்புக்கொள்கிறேன்.

உங்களிடம் இருப்பது முதல் மாடல் என்றால் அதன் பேட்டரி பிஎல்-5சி. சின்ன எஃப்எம் ரேடியோக்களிலும் இதே பேட்டரிதான் போடுகிறார்கள், இன்றும் கிடைக்கும். பழையது உப்பியிருந்தால் உடனே எடுத்துவிடுங்கள். பாத்வே டு குளோரியின் கார்டு எங்காவது அகப்பட்டால் விடாதீர்கள். சிரித்த நண்பர்களில் ஒருவரை உட்காரவைத்து, உங்கள் முறை முடிந்ததும் போனை அவரிடம் நீட்டுங்கள்.