வீட்டுக் கதையைப் படமாக்குபவருக்கு: குரலைக் கடைசியில் எழுதுங்கள்

கேள்வி: வேலை போய், அப்பா அம்மாவோடு வந்து தங்கியிருக்கிறேன். இதையே சிரிக்கும்படி ஓர் ஆவணப்படமாக எடுக்க ஆசை. செல்போனில் கொஞ்சம் எடுத்து, பின்னணிக் குரலும் பதிந்துவிட்டேன். போட்டுப் பார்த்தால் சிரிப்பே வரவில்லை. அப்பாவுக்கோ கேமராவே பிடிக்கவில்லை. என்ன செய்யலாம்?

பதில்: பதிந்த குரலை எடுத்து ஓரமாக வையுங்கள். படத்தில் தெரிவதையே குரலும் சொல்லிக்கொண்டிருந்தால் சிரிப்பு வராது.

அமெரிக்கர் ராஸ் மெக்எல்வீயின் 'ஷெர்மன்ஸ் மார்ச்' (1986) படத்தைத் தேடிப் பாருங்கள். அமெரிக்க உள்நாட்டுப் போரில் தெற்கு மாநிலங்களை எரித்துக்கொண்டே போன தளபதி ஷெர்மனைப் பற்றிப் படம் எடுக்கத்தான் அவர் கிளம்பினார். அதற்குள் காதலி விட்டுப் போய்விட, வழியில் சந்தித்த பெண்களைப் பற்றிய படமாக அது மாறியது. ஓர் இரவு மாறுவேட விருந்து முடிந்து, போர்க்காலச் சீருடையோடு வீட்டில் உட்கார்ந்து ஷெர்மனின் வரலாற்றைச் சொல்கிறார். அப்பா எழுந்துவிடக் கூடாதே என்று கிசுகிசுப்பாக! அவர் எங்கேயும் சிரிக்க வைக்கப் பார்ப்பதில்லை. சோர்ந்த குரலில் தகவல்தான் சொல்கிறார்.

உங்கள் வீட்டுக்கு வருவோம். நீங்கள் மின்விசிறியின் வேகத்தைக் கூட்டுகிறீர்கள், அப்பா வந்து குறைக்கிறார், மறுபடி கூட்டுகிறீர்கள். இதன்மேல் 'அப்பா ரொம்பச் சிக்கனம்' என்று சொன்னால் காட்சி செத்துவிடும். 'இன்று இரண்டாவது இன்டர்வியூ' என்று சொல்லிப் பாருங்கள், படத்தில் தெரியாததைக் குரல் சொல்லிவிடும். அதனால் முதலில் குரலே இல்லாமல் படத்தை வெட்டி ஒட்டுங்கள். குடும்பத்தைத் தெரியாத ஒருவருக்குப் போட்டுக் காட்டுங்கள். அவர் எங்கே 'இது யார்?' என்று கேட்கிறாரோ, அங்கே மட்டும் ஒரு வரி எழுதினால் போதும்.

அப்பாவின் மறுப்பு படத்துக்குப் பலம்தான். ஆலன் பெர்லினரின் 'நோபடிஸ் பிசினஸ்' (1996) முழுக்க, 'என் வாழ்க்கையில் என்ன இருக்கிறது?' என்று அலுத்துக்கொள்ளும் அப்பாவோடு மகன் போடும் மல்லுக்கட்டுதான். நடுநடுவே பழைய குத்துச்சண்டைக் காட்சிகளையும் சேர்த்திருக்கிறார். ஆனால் ஒளித்து எடுக்காதீர்கள். எடுக்கும்போது ஒருமுறை கேளுங்கள், முடித்த படத்தை வெளியிடும் முன் அவருக்குத் தனியாகக் காட்டி இன்னொருமுறை கேளுங்கள். வேண்டாம் என்ற காட்சியை வாதாடாமல் எடுத்துவிடுங்கள். படத்துக்கு அப்புறமும் அதே வீட்டில்தானே இருக்கப் போகிறீர்கள்? அப்பாவைப் பார்த்துச் சிரிக்காமல் உங்களைப் பார்த்துச் சிரிக்கும்படி எடுத்தால் அவரும் இணங்கி வருவார்.

அப்புறம், டியூப்லைட் வெளிச்சத்தில் படம் மினுக்கினால் நொடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் வேகம் (ஒவ்வொரு ஃபிரேமுக்கும் வெளிச்சம் விழும் நேரம்) 1/50 நொடி என்று வையுங்கள். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் இது பொருந்தும். கேமராவைவிட மைக்கில் பணம் போடுங்கள், சட்டையில் மாட்டும் சின்ன மைக்கே போதும். ஒவ்வோர் அறையிலும் யாரும் பேசாமல் ஒரு நிமிட ஒலியைப் பதிந்து வையுங்கள். பேச்சை வெட்டிய இடங்களில் அதுதான் ஒட்டுப் போடும்.