அனிமேயில் அசையாத உடல், கோணல் முகம்

அன்புள்ள ஐயா,

அனிமே தொடர்களில் பாத்திரங்கள் பேசும்போது வாய் மட்டும் அசைகிறது, உடல் சிலைபோல நிற்கிறது. இது சோம்பல்தானே? ஒரு வாரம் அற்புதமாக இருக்கும் தொடரில் அடுத்த வாரம் முகமே கோணலாகிவிடுவது ஏன்?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

சோம்பல் இல்லை. கணக்கைப் பாருங்கள். நொடிக்கு 24 பிரேம். ஒரே ஓவியத்தை மூன்று பிரேமுக்கு நிறுத்துவது ஜப்பானியத் தொலைக்காட்சி வழக்கம். ஆக, நொடிக்கு 8 ஓவியம். தொடக்க, இறுதிப் பாடல்கள் போக ஓர் எபிசோடில் மிஞ்சுவது சுமார் 20 நிமிடம். ஓர் ஓவியத்துக்கு ஒரு தாள் என, எல்லா நொடியும் அசைந்தால் 9,600 தாள் வேண்டும். வாரத் தொடருக்குக் கட்டுப்படியாவது பெரும்பாலும் 3,000 முதல் 5,000 தாள். மிச்சத்தைப் பேச்சுக் காட்சியில் பிடிக்கிறார்கள். முகத்துக்கு ஒரு தாள். வாய்க்குத் தனி அடுக்கில் மூடியது, பாதி திறந்தது, முழுதும் திறந்தது என மூன்று. எத்தனை நீள வசனமும் அதில் ஓடிவிடும். 1963 ஜனவரி 1 அன்று ஒசாமு தெசுகாவின் முஷி புரொடக்‌ஷன் தயாரித்த ‘ஆஸ்ட்ரோ பாய்’ தொடர் ஒளிபரப்பாகத் தொடங்கிய காலத்திலேயே வேரூன்றிய முறை இது. அங்கே சேமித்த தாள்கள்தான் சண்டைக் காட்சியில் செலவாகின்றன. நல்ல இயக்குநரின் கையில் அசையாத முகமும் நடிக்கும் என்பதே என் எண்ணம்.

கோணல் முகம் வேறு விஷயம். அது நாள் பற்றாக்குறை. ஓர் எபிசோடில் ஏறத்தாழ 300 ஷாட். ஷாட்களை வரிசையாக வரைந்து திட்டமிடும் ஸ்டோரிபோர்டு முடிந்ததும் அவற்றைப் பல ஓவியர்களுக்குப் பிரித்துக் கொடுப்பார்கள், பலர் ஃப்ரீலான்ஸ். ஒவ்வொருவர் கையிலும் முகம் ஒவ்வொரு சாயலில் வரும். அதைத் திருத்தி ஒரே முகமாக்குபவர் ‘சகுகா கந்தோகு’ எனும் ஓவிய மேற்பார்வையாளர். பிறகுதான் அசைவை நிரப்பும் இடைப்பட்ட ஓவியங்கள், நிறம், பின்னணியோடு இணைப்பு. ஸ்டோரிபோர்டு இரண்டு வாரம் பிந்தினாலும் ஒளிபரப்புத் தேதி நகராது; அந்த நாட்கள் இவருடைய நேரத்தில்தான் வெட்டுப்படும். அப்போது குளோஸ்-அப் முகங்களை மட்டும் திருத்திவிட்டு மற்றதை விட்டுவிட நேர்கிறது. திருத்தாத ஓவியமே வெளிநாட்டு ஸ்டூடியோவுக்குப் போய், அந்தக் கோணலோடு அசைந்து திரும்பும். அதற்கும் நேரமில்லாவிட்டால் பழைய காட்சிகளைத் தொகுத்து ஒரு வாரத்தை ஓட்டுவார்கள்.

எபிசோடின் இறுதியில் வரும் பெயர்ப் பட்டியலைப் பாருங்கள். சண்டை அதிகமில்லாத எபிசோடில் பத்துக்கு மேற்பட்ட ஓவிய மேற்பார்வையாளர்கள் இருந்தால், கடைசி நேரத்தில் ஷாட்களைப் பங்கிட்டுத் திருத்தியிருக்கிறார்கள் என்று பெரும்பாலும் கொள்ளலாம். இப்படிப்பட்ட ஷாட்களைப் பின்னர் ப்ளூ-ரேவுக்கு மறுபடி வரைவதும் உண்டு. உங்களை உறுத்திய எபிசோடை அந்தப் பதிப்பில் ஒருமுறை பாருங்கள்.