எட்விஜ் ஃபெனெக்கின் குரல்

அன்புள்ள ஆசிரியருக்கு,

இத்தாலியப் பட நடிகை எட்விஜ் ஃபெனெக் நடித்த ‘தி ஸ்ட்ரேஞ்ச் வைஸ் ஆஃப் மிஸஸ் வார்த்’ (1971) படத்தை ஆங்கிலக் குரலில் பார்த்தேன். அழகுதான், ஆனால் பேச்சில் உயிரே இல்லை. இவர் பின்னாளில் தயாரிப்பாளராகி, அல் பசினோ நடித்த ஷேக்ஸ்பியர் படமான ‘தி மெர்ச்சன்ட் ஆஃப் வெனிஸ்’ (2004) வரை போனது வியப்பு. தயாரிப்பாளர் லூச்சானோ மார்ட்டினோவின் துணைவியாக இருந்ததால் அமைந்ததுதானே? ஹாலிவுட் இயக்குநர் டாரன்டினோ இவருடைய ரசிகராமே?

அன்புடன்,
ர.

அன்புள்ள ர.,

கடைசிக் கேள்வியை முதலில் முடித்துவிடுவோம். டாரன்டினோவின் ‘இங்ளோரியஸ் பாஸ்டர்ட்ஸ்’ (2009) படத்தில் மைக் மையர்ஸ் ஏற்ற ஜெனரலின் பெயர் எட் ஃபெனெக். போதுமா?

உயிர் இல்லை என்கிறீர்களே, யாருடைய பேச்சில்? நீங்கள் கேட்டது அவர் குரலே அல்ல. இத்தாலியப் பிரதியைப் போட்டாலும் அந்த வருடங்களில் பெரும்பாலும் இரவல் குரல்தான். அவர் அல்ஜீரியாவில் பிறந்து பிரெஞ்சு பேசி வளர்ந்தவர். எதிரே நின்ற ஜார்ஜ் ஹில்டன் உருகுவேக்காரர். கணவராக வந்தவர் அர்ஜென்டினாக்காரர். இத்தாலியும் ஸ்பெயினும் சேர்ந்து எடுத்த படம், கதை நடப்பது வியன்னாவில். இதில் எந்த மொழியில் உயிரோடு பேசுவது?

குறை சொல்லும் முன் அந்தப் படங்கள் எப்படிச் செய்யப்பட்டன என்று பார்க்க வேண்டாமா? படப்பிடிப்பில் ஒலி பதிவானாலும் அது வெறும் வழிகாட்டி. கேமரா தையல் மெஷின் மாதிரி இரையலாம், ஷாட் நடுவே இயக்குநர் கத்தலாம். எடிட்டிங் முடிந்ததும் காட்சியைத் துண்டுகளாக வெட்டி, ஒவ்வொரு துண்டின் தலையையும் வாலையும் ஒட்டி வளையமாக்குவார்கள். 35 எம்.எம். பிலிமில் அரை நிமிடத்துக்கு 45 அடி. அது புரொஜெக்டரில் சுற்றிக்கொண்டே இருக்க, இருட்டில் மைக் முன்னால் நிற்பவர் உதட்டைப் பிடிக்க வேண்டும். ‘ப’, ‘ம’ வரும் இடத்தில் திரையில் உதடு மூட வேண்டும். ‘வ’ என்றால் மேல்பல் கீழுதட்டைத் தொட வேண்டும். மற்ற எழுத்துகளில் கண்ணை ஏமாற்றிவிடலாம். மூடிய உதட்டின் மேல் ‘ஆ’ விழுந்தால் அரங்கமே சிரிக்கும். அதனால்தான் மொழிபெயர்த்த வசனத்தை உதட்டுக்கேற்ப மாற்றி எழுத தனியாக ஒருவர் இருப்பார். அர்த்தம் கொஞ்சம் தேய்ந்தாலும் அவருக்குக் கவலையில்லை.

உங்களுக்கு உயிரில்லாமல் கேட்டது எது தெரியுமா? தூரம். நாயகி தெருக்கோடியில் நின்றாலும் குரல் மைக்குக்கு ஒரு முழத்தில் இருக்கிறது. கூடமும் குளியலறையும் ஒரே மாதிரி ஒலிக்கின்றன. வசனத்துக்கு முன் வரும் மூச்சைப் பெரும்பாலும் எடுப்பதே இல்லை. திரையில் மார்பு ஏறுகிறது, காதில் ஒன்றும் இல்லை. அவசரத்தில் நடக்கும் பிழை இது. பழியை நடிகை மேல் போடாதீர்கள்.

தயாரிப்பாளருக்கு இதில் இன்னொரு தலைவலி. வெளிநாட்டுக்கு விற்க, வசனம் நீங்கலாக இசையும் சத்தங்களும் மட்டும் உள்ள தனித் தடம் கொடுக்க வேண்டும். காலடிச் சத்தம் வசனத்தோடு கலந்துவிட்டால் வாங்குபவர் அதை மறுபடி உருவாக்கியாக வேண்டும், விலை குறையும். பல நாட்டுப் பணமும் பல நாட்டு நடிகர்களும் சேரும் இந்த வியாபாரத்துக்குள்தான் ஃபெனெக் வளர்ந்தார். 1999-இல் இத்தாலிய இயக்குநர் லினா வெர்ட்முல்லரின் படத்தைத் தயாரித்தவர், நீங்கள் சொன்ன, பிரிட்டன், இத்தாலி, லக்சம்பர்க் கூட்டான ஷேக்ஸ்பியர் படத்தில் இணைத் தயாரிப்பாளரானதில் எனக்கு வியப்பில்லை.

மார்ட்டினோ விஷயம். துணைவியாக இருந்தார், உண்மை. லூச்சானோவுக்கும், நீங்கள் பார்த்த படத்தை இயக்கிய அவர் தம்பி செர்ஜியோவுக்கும் தாத்தாவான ஜென்னாரோ ரிகெல்லி 1930-இல் இத்தாலியின் முதல் பேசும்படத்தை இயக்கியவர். ‘தாத்தாவால்தானே வந்தார்கள்’ என்று யாரும் எனக்குக் கடிதம் போட்டதில்லை.

கோபித்துக்கொள்ளாதீர்கள். அந்தப் படத்தை மறுபடி போட்டு, ஒலியை முழுக்க அணைத்துவிட்டு, அவருடைய க்ளோசப் ஒன்றை மட்டும் பாருங்கள். யாரோ பின்னால் நிற்கிறார்கள் என்று உணரும்போது, தலை திரும்புவதற்கு முன்பே கண் திரும்புகிறதா இல்லையா? பார்த்துவிட்டு எழுதுங்கள்.