தோற்கடிச்சவ தேடிக் கொடுத்த வெண்கலம்

கேள்வி: என் பொண்ணுக்கு 14 வயசு, அஞ்சு வருஷமா டேக்வாண்டோ கத்துக்கறா. போன மாசம் டிஸ்ட்ரிக்ட் மீட்ல முதல் பவுட்டுலயே கூட பிராக்டிஸ் பண்ற பொண்ணுகிட்ட தோத்துட்டா. அன்னிலேருந்து கிளாஸுக்கே போகல, டோபாக்கை (டேக்வாண்டோ யூனிஃபார்ம்) மடிச்சு பீரோ மேல போட்டுட்டா. பொம்பளப் புள்ளைக்கு இது போதும்னு மாமியாரும் சொல்றாங்க. என்ன பண்ணட்டும்?
- ஒரு வாசகி, பெரம்பூர்

பதில்: அட்வைஸ் எதுவும் பண்ணாதீங்கம்மா, கிமியா அலிசாதே கதையை மட்டும் அவகிட்ட சொல்லுங்க. ஈரான்ல கராஜ் ஊர்ல 1998ல பொறந்தவங்க. 2014 யூத் ஒலிம்பிக்ல தங்கம், 2016 ரியோல 57 கிலோ பிரிவுல வெண்கலம், அப்ப வயசு 18தான். ஈரான் பொண்ணு ஒருத்தி ஒலிம்பிக் மெடல் வாங்கினது அதுதான் முதல் தடவை. 2017 உலக சாம்பியன்ஷிப்ல வெள்ளி. அப்புறம் 2020 ஜனவரில, பொண்ணுங்களை அடக்கி வெக்கறாங்கன்னு வெளிப்படையாவே எழுதிட்டு நாட்டை விட்டே கிளம்பிட்டாங்க.

டோக்கியோ ஒலிம்பிக்ல அகதிகள் டீம்ல ஆடினாங்க. முதல் பவுட் யார்கூட தெரியுமா, ஈரான் நாஹித் கியானி, முன்னாடி ரெண்டு பேரும் ஒரே டீம். கிமியா 18-9னு ஜெயிச்சாங்க, அடுத்து ரெண்டு ஒலிம்பிக் தங்கம் வெச்சிருந்த பிரிட்டன் ஜேட் ஜோன்ஸையும் 16-12னு அடிச்சாங்க, ஆனா வெண்கலத்துக்கான பவுட்ல துருக்கி பொண்ணுகிட்ட 8-6னு தோத்து வெறுங்கையோட திரும்பினாங்க.

மூணு வருஷம் கழிச்சு பாரிஸ், இப்ப பல்கேரியா கொடி, முதல் பவுட்ல எதிர்ல நிக்கறது மறுபடியும் அதே கியானி! இந்தத் தடவை கியானி ஜெயிச்சுட்டாங்க. அவ்ளோதான்னு நினைப்போம், ஆனா டேக்வாண்டோல ரெப்பசாஜ்னு ஒரு வழி இருக்கு, நம்மளை ஜெயிச்சவங்க ஃபைனல் வரைக்கும் போனா நமக்கு வெண்கலத்துக்கு இன்னொரு வாய்ப்பு கிடைக்கும். கியானி ஒவ்வொரு பவுட்டா ஜெயிச்சு ஃபைனலுக்குப் போனாங்க, அதனால கிமியாவுக்குக் கதவு திறந்துச்சு, சீனாவோட லுவோ ஜோங்ஷியை ஜெயிச்சு வெண்கலம் வாங்கினாங்க. கியானிக்கு வெள்ளி. ஒரே நாள்ல ரெண்டு பேர் கழுத்துலயும் மெடல். எல்லாரும் ரியோ மெடலைத்தான் பெருசா பேசறாங்க, எனக்கு இந்த வெண்கலம்தான் பெருசு. காலைல தன்னைத் தோற்கடிச்சவ ஜெயிக்கணும்னு காத்துக்கிட்டு இருந்து, உடம்பு சூடு ஆறாம வெச்சுக்கிட்டு, ராத்திரி மறுபடியும் மேட்ல ஏறி நிக்கறதுன்னா சும்மாவா.

என் தங்கச்சி பொண்ணும் இதே கிளாஸ்தான் போறா. சாயங்காலம் வந்து புறங்கால்ல நீலமா கன்னிப்போன இடத்துல ஐஸ் கட்டியைத் துணில சுத்தி வெச்சுக்கிட்டே ஹோம்வொர்க் எழுதுவா, ஒரு வார்த்தை வலிக்குதுன்னு சொல்ல மாட்டா. உங்க பொண்ணும் அஞ்சு வருஷம் அப்படித்தான் இருந்திருப்பா, அதை உங்க மாமியார் தினமும் பார்த்திருப்பாங்க, அதையே அவங்களுக்கு ஞாபகப்படுத்துங்க. டோபாக் பீரோ மேலயே இருக்கட்டும், நீங்களா எடுத்துக் குடுக்காதீங்க. அந்தத் தோழியை ஒருநாள் வீட்டுக்குச் சாப்பிடக் கூப்பிடுங்க, அது போதும்.

கேள்வி: டிவில டேக்வாண்டோ பார்த்தா ஸ்கோர் எப்படி ஏறுதுன்னே புரியலையே?
- ஒரு வாசகர், தாம்பரம்

பதில்: மார்ல குத்தினா 1, உதைச்சா 2, தலைல உதைச்சா 3. சுழண்டு உதைச்சா மார்ல 4, தலைல 5. செஸ்ட் கார்டு, ஹெட்கார்டு, கால் சாக்ஸ் எல்லாத்துலயும் சென்சார் இருக்கு, உதை சரியா பட்டா தானா ஏறிடும், குத்துக்கும், சுழண்டு உதைச்சா கிடைக்கற கூடுதல் பாயிண்டுக்கும் ஜட்ஜுங்க பட்டன் அமுக்கணும். ரெண்டு நிமிஷ ரவுண்டு மூணு, அதுல ரெண்டு ஜெயிச்சா பவுட் உங்களுது.