ஆஸ்திரேலியாவின் தொலைதூரப் பகுதிகளில் பூர்வகுடிகள் அரசாங்கப் பணத்தில்தான் வாழ்கிறார்களாமே, அங்குள்ள பொருளாதாரத்தில் அவர்களுக்குப் பங்கு ஏதும் உண்டா?

இதே கேள்வியோடுதான் நானும் அங்கே போனேன். கேள்வி என்றுகூடச் சொல்ல முடியாது, முடிவே கட்டிவிட்டிருந்தேன். வட ஆஸ்திரேலியக் கரையிலுள்ள டார்வின் நகருக்குத் தெற்கே முந்நூறு கிலோமீட்டருக்குக் கொஞ்சம் அதிகமாகப் போனால் காத்தரின் என்ற சிறு நகரம் வரும். அங்கே ஒரு கணக்கு அலுவலகத்தில் மூன்று வருடம் வேலை பார்த்தேன். கிளம்பும்போதே சிட்னி நண்பர்கள் பாடம் எடுத்துவிட்டார்கள்: "அவங்க வேலைக்கெல்லாம் போக மாட்டாங்க. பதினஞ்சு நாளைக்கு ஒருதடவை அரசாங்கப் பணம் வரும், அதோட சரி." நானும் தலையாட்டினேன்.

முதல் மாதமே ஒன்று உறுத்தியது. எங்கள் வாடிக்கையாளர்கள் யாரென்றால் மொத்த மளிகைக்காரர், பிளம்பிங் ஒப்பந்தக்காரர், சின்ன விமானம் வைத்து ஓட்டுபவர், விடுதிக்காரர், மெக்கானிக். ஒருவர்கூடப் பூர்வகுடி இல்லை. ஆனால் அவர்களின் வரவுப் பக்கத்தைப் புரட்டினால் முக்கால்வாசி பூர்வகுடிக் கிராமங்கள்தான். அங்கே வீடு கட்டுவது, தண்ணீர் மோட்டாரைச் சரிசெய்வது, கிராமக் கடைக்குச் சரக்கு அனுப்புவது, நர்சையும் டீச்சரையும் ஏற்றிப்போய் இறக்கிவிடுவது. கிராமத்தின் பேரில் ஒதுக்கிய பணம் கிராமத்தில் ஒரு சுற்றுகூட வராமல் காத்தரினுக்கு வந்து, அப்படியே டார்வினுக்கும் பிரிஸ்பேனுக்கும் போய்விடுகிறது. என் சம்பளமும் அதிலிருந்துதான். அரசாங்கப் பணத்தில் வாழ்கிறவர்கள் கையைத் தூக்குங்கள் என்றால் நான்தான் முதலில் தூக்க வேண்டும்.

சரி, அவர்கள் உழைப்புக்கு வருவோம்.

வட ஆஸ்திரேலியாவில் மாட்டுப் பண்ணைத் தொழில் தழைத்ததே பூர்வகுடிகளின் உழைப்பில்தான். மாடுகளை வளைத்து ஓட்டுவது, குதிரை பழக்குவது, வேலி போடுவது, பண்ணை வீட்டில் சமையல், துணி துவைப்பது எல்லாம் அவர்கள். கூலி? மாவு, சர்க்கரை, தேயிலை, புகையிலை, கொஞ்சம் இறைச்சி. பணமாகக் கொடுத்த இடங்களிலும் வெள்ளைக்காரர் கூலியில் சிறு பங்குதான்.

மேற்கு ஆஸ்திரேலியாவின் பில்பாரா பகுதியில் 1946 மே 1 அன்று நூற்றுக்கணக்கான பூர்வகுடிப் பண்ணையாட்கள் வேலையை விட்டு வெளியேறினார்கள். பண்ணைக்குப் பண்ணை வெகுதூரம், எழுதப் படிக்கவும் தெரியாது. ஒரே நாளில் எப்படி வெளியேறினார்கள்? வேலைநிறுத்தத்தை ஏற்பாடு செய்த டூலி பின் பின் போன்றவர்கள் நாள் எண்ணிக் கழிப்பதற்காகக் கையால் வரைந்த நாட்காட்டியை ஊர் ஊராகக் கொண்டுபோய்க் கொடுத்திருந்தார்கள். வேலைநிறுத்தம் மூன்று வருடம் நீடித்தது. அதுவரை எதைச் சாப்பிட்டார்கள் என்பதுதான் எனக்குப் பிடித்த பகுதி. யாண்டி என்று ஒரு மரத்தட்டு. நம் வீட்டுப் பெண்கள் முறத்தில் புடைப்பதுபோல, அந்தத் தட்டில் மண்ணை ஆட்டி ஆட்டி வெள்ளீயத் தாதுவைப் பிரித்துவிடுவார்கள். புல் விதையிலிருந்து உமியைப் பிரிக்கக் காலங்காலமாகப் பழகிய கை அது. அதில் கிடைத்ததை விற்றுத்தான் கூட்டாக ஒரு சுரங்கத் தொழிலையே நடத்தினார்கள். வேலைக்கே போக மாட்டார்களாம்!

இருபது வருடம் கழித்து, 1966 ஆகஸ்டில், காத்தரினிலிருந்து தென்மேற்கே நானூறு கிலோமீட்டருக்கு மேல் தள்ளியிருந்த வேவ் ஹில் பண்ணையில் வின்சென்ட் லிஞ்சியாரி தலைமையில் குரிண்ட்ஜி மக்கள் சுமார் இருநூறு பேர் வெளியேறினார்கள். பண்ணை வெஸ்டி என்ற பிரிட்டிஷ் இறைச்சிக் குடும்பத்தினுடையது. எல்லாரும் கூலிச் சண்டை என்றே நினைத்தார்கள். அவர்கள் கேட்டதோ நிலத்தை. 1975-ல் பிரதமர் காஃப் விட்லம் வந்து லிஞ்சியாரியின் கையில் ஒரு பிடி மண்ணைக் கொட்டிய படத்தை நீங்கள் எங்காவது பார்த்திருக்கலாம். ஒன்பது வருடம் உட்கார்ந்திருந்திருக்கிறார்கள்.

இதற்கிடையில் இன்னொன்று நடந்தது. பண்ணைகளில் பூர்வகுடிகளுக்கும் சம கூலி என்று 1966-ல் தீர்ப்பாகி 1968 டிசம்பரில் நடைமுறைக்கு வந்தது. நல்ல தீர்ப்புதான். ஆனால் சம கூலி கொடுக்க வேண்டும் என்றதும் பல பண்ணைகள் ஆட்களையே வேண்டாம் என்றுவிட்டன. மாடு ஓட்ட ஹெலிகாப்டரும் வந்துவிட்டது. பண்ணையிலேயே பிறந்து வளர்ந்த குடும்பங்கள் மூட்டை முடிச்சோடு ஊர் ஓரங்களில் குடிசை போட்டன. நீங்கள் கேட்கும் உதவித்தொகை வாழ்க்கை பல இடங்களில் இங்கேதான் ஆரம்பமாகிறது. சோம்பலில் இல்லை, வேலைநீக்கத்தில்.

குவீன்ஸ்லாந்து மாநிலத்தில் கதை இன்னும் மோசம். அங்கே சம்பளம் கணக்கில் ஏறியது, கைக்கு வரவில்லை. அரசாங்கமே வாங்கி வைத்துக்கொண்டது. தன் பணத்தில் ஒரு சட்டை வாங்கவும் அதிகாரியிடம் அனுமதி கேட்க வேண்டும். வழக்குப் போட்டு 2019-ல் 19 கோடி டாலருக்குச் சமரசம் ஆனது. அதற்குள் உழைத்தவர்களில் பலர் செத்தே போயிருந்தார்கள். கணக்கு எழுதிப் பிழைப்பவனாக இதைப் படித்தபோது எனக்கு வெட்கமாக இருந்தது. இதையும் யாரோ ஒரு குமாஸ்தா அழகான கையெழுத்தில் எழுதித்தானே வைத்திருப்பான்?

அப்புறம் 1977-ல் ஒரு நல்ல ஏற்பாடு வந்தது, சி.டி.இ.பி. என்று பெயர். ஆளுக்கு ஆள் உதவித்தொகை தருவதற்குப் பதிலாகக் கிட்டத்தட்ட அதே பணத்தை ஊர் அமைப்பிடம் கொடுத்துவிடுவது. அவர்கள் அதைக் கூலியாக மாற்றி, ஊருக்குத் தேவையான வேலையைச் செய்துகொள்வார்கள். குறைகள் உண்டு, நிரந்தர வேலைக்குப் பதிலாக இதையே கொடுத்து ஒப்பேற்றிய இடங்களும் உண்டு. ஆனாலும் ஒரு காலத்தில் முப்பதாயிரம் பேருக்கு மேல் அதில் இருந்தார்கள். பிறகு படிப்படியாக மூடினார்கள். 2015-ல் வந்த திட்டத்தில் வாரம் 25 மணிநேரம் ஏதாவது "செயல்பாட்டில்" இருக்க வேண்டும், வராவிட்டால் பணம் வெட்டு. வேலையைப் பிடுங்கிவிட்டு வருகைப்பதிவேட்டைக் கையில் கொடுத்த மாதிரி. கட்டாயத்தை 2021-ல் நீக்கினார்கள்.

ஓவியம் பற்றி ஒரே ஒரு கணக்கு. கிளிஃபர்ட் பாசம் ஜபால்ஜாரி என்ற பூர்வகுடி ஓவியர் 1977-ல் வரைந்த பெரிய ஓவியம் ஒன்று அப்போது 1,200 டாலருக்குப் போனது. 2007 ஏலத்தில் 24 லட்சம் டாலர். ஓவியர் 2002-லேயே இறந்துவிட்டார். மறுவிற்பனையில் ஓவியருக்கோ வாரிசுக்கோ 5 சதவீதம் என்று சட்டம் நடைமுறைக்கு வந்தது 2010-ல்.

சுரங்கம் பெரிய பணம், ஆனால் எனக்கு அதில் நேரடிப் பழக்கம் குறைவு. 2020 மே மாதம் மேற்கு ஆஸ்திரேலியாவின் ஜூக்கன் பள்ளத்தாக்கில், 46,000 வருடமாக மனிதர் புழங்கிய தடயமுள்ள பூர்வகுடிக் குகைகளை ரியோ டிண்டோ என்ற சுரங்க நிறுவனம் வெடிவைத்துத் தகர்த்தது உங்களுக்கு நினைவிருக்கும். சட்டப்படி அனுமதி வாங்கித்தான் தகர்த்தார்கள். பேச்சுவார்த்தை மேசையில் பூர்வகுடிகளின் பலம் எவ்வளவு என்று அதிலிருந்தே தெரியும்.

ஒரு கிளைக்கதை. வெள்ளைக்காரன் வருவதற்கு முன்பே டார்வினுக்குக் கிழக்கே உள்ள ஆர்னெம்லாந்துக் கரையில் ஏற்றுமதி நடந்தது. இந்தோனேசியாவின் சுலாவெசித் தீவின் மக்காசர் வணிகர்கள் வருடந்தோறும் பருவக்காற்றில் வந்து கடல் அட்டை எடுத்து, வேகவைத்து, சீனத்துக்கு விற்றார்கள். நம் பாக் நீரிணைக்காரர்களுக்குத் தெரிந்த அதே கடல் அட்டைதான். கரையில் இருந்த யோல்ங்கு மக்கள் அதில் கூட வேலை செய்து இரும்பும் துணியும் வாங்கிக்கொண்டார்கள். 1900-களின் தொடக்கத்தில் அரசாங்கம் உரிமம் தர மறுத்து அதை நிறுத்தியது.

கடைசியாக நெருப்பு. வடக்கே புல்வெளிக் காடு. வறண்ட பருவம் முற்றியபின் தீப்பிடித்தால் வாரக்கணக்கில் எரியும். மீத்தேனும் நைட்ரஸ் ஆக்சைடும் ஏராளமாக வெளியேறும். முன்பு மக்கள் காட்டில் நடமாடியபோது, மழை நின்று புல் அரைப்பச்சையாக இருக்கும்போதே அங்கங்கே சின்னதாகக் கொளுத்திவிட்டு நடப்பார்கள். இரவுப் பனியில் அது தானே அணைந்துவிடும். பெரிய தீ பரவ வழி இருக்காது. அவர்கள் நிலத்தைவிட்டு ஊர்களுக்கு நகர்ந்ததும் காடு கேட்பாரற்று எரிந்தது. பழையபடி கொளுத்தத் தொடங்கி, அதனால் எவ்வளவு புகை குறைந்தது என்று கணக்கெடுத்து, அந்தக் குறைப்பைப் புகை விடும் நிறுவனங்களுக்கு விற்கலாம் என்று மேற்கு ஆர்னெம்லாந்தில் யோசித்தார்கள். டார்வினில் எரிவாயு ஆலை நடத்திய கோனோகோ பிலிப்ஸ் 2006-ல் 17 வருடத்துக்கு ஒப்பந்தம் போட்டது. வருடம் சுமார் பத்து லட்சம் டாலர், பதிலுக்கு வருடம் ஒரு லட்சம் டன் கரியமில வாயுவுக்குச் சமமான புகை குறைப்பு. அந்தப் பணத்தில் நிலத்தைப் பராமரிக்கும் பூர்வகுடி ரேஞ்சர்களுக்குச் சம்பளம், ஹெலிகாப்டர் வாடகை. வழிகாட்டியது முதியவர்கள். எந்தப் பாறைச் சரிவில் எந்த மாதம் தீ வைக்கலாம் என்பது அவர்களுக்குத்தான் தெரியும். இன்று வடக்கு முழுக்க இப்படிப் பல திட்டங்கள் நடக்கின்றன. எல்லா இடத்திலும் ஜோராக நடக்கிறது என்று சொல்லமாட்டேன். வண்டி ரிப்பேர், சாவு வீடு, இருப்பிட நெரிசல், குடி, உள்ளூர்ச் சண்டை என்று நின்றுபோகும் நாட்களும் உண்டு.

அப்படி ஒரு ரேஞ்சர் குழுவின் சம்பளக் கணக்கை நான் பார்த்தேன். ஒருநாள் அவர்களின் ஒருங்கிணைப்பாளர் அம்மா போனில் கேட்டார்: "அந்தப் பெரியவரை எதில் எழுதியிருக்கிறாய்?" பெரியவருக்கு எழுபது தாண்டிவிட்டது, ரேஞ்சர் பதவி கிடையாது. பசங்களோடு நான்கு நாள் ஹெலிகாப்டரில் போய் எங்கே கொளுத்துவது என்று காட்டிக்கொடுத்ததற்குக் கொஞ்சம் பணம் கொடுத்திருந்தார்கள். மென்பொருளில் அதற்குத் தலைப்பு எதுவும் இல்லாததால் "இதர செலவு" என்று போட்டிருந்தேன், காபித்தூளுக்கும் ஸ்டேப்ளர் பின்னுக்கும் கீழே.

சொன்னேன். மறுமுனையில் கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. பிறகு அந்த அம்மா சிரித்துவிட்டு, "அவர் இல்லாவிட்டால் மற்ற எந்தச் செலவும் இல்லையே அப்பா" என்றார்.

அன்று மாலையே புதிதாக ஒரு தலைப்பு உருவாக்கினேன். என்ன பெயர் வைப்பது என்று தெரியாமல் அந்த அம்மாவையே கேட்டேன். "ஆசிரியர் சம்பளம் என்று போடு" என்றார்.