9 வயதில் பருவமடைதல் வகுப்பு: அனுப்பலாமா?

கேள்வி: என் மகளுக்கு 9 வயது. பருவமடைதல் பற்றிப் பாடம் எடுக்கப்போவதாகப் பள்ளியிலிருந்து கடிதம் வந்திருக்கிறது. எங்களுக்கு 14 வயதில்தான் சொன்னார்கள், அதுவும் பாதியை விழுங்கி. இப்போதே சொன்னால் பிஞ்சிலே பழுத்துவிடுவாளோ என்று பயமாக இருக்கிறது. அன்று லீவு போடலாமா?

பதில்: வேண்டாம், அனுப்புங்கள். பாடம் கேட்டதால் எந்தப் பிள்ளையும் முன்கூட்டிப் பருவமடைவதில்லை. அதைத் தொடங்கிவைப்பது மூளையிலிருந்து வரும் சமிக்ஞை. பெண் பிள்ளைகளுக்குப் பொதுவாக 8 முதல் 13 வயதுக்குள் மார்பு வளரத் தொடங்கும். அதிலிருந்து இரண்டு, இரண்டரை ஆண்டில் மாதவிடாய் வரும். ஆண் பிள்ளைகளுக்கு மாற்றம் தொடங்குவது 9 முதல் 14-க்குள். 14 வயதில் சொன்னால், பலருக்கு நடந்து முடிந்த கதையைச் சொல்வதாகத்தான் இருக்கும். யுனெஸ்கோ 2009-இல் வெளியிட்டு 2018-இல் திருத்திய பாலியல் கல்வி வழிகாட்டுதல் இதை 5–8 வயதிலேயே அறிமுகப்படுத்தச் சொல்கிறது. இன்னமும் பல பள்ளிகள் ஒரே ஒரு மணி நேரத்தில் ஒப்பேற்றுகின்றன, பையன்களை மைதானத்துக்கு அனுப்பிவிட்டு. இதை எத்தனை முறைதான் சொல்வது!

நீங்கள் பள்ளியிடம் கேட்க வேண்டியது வேறு: வகுப்பை எடுப்பது யார்? ஆசிரியரா, செவிலியரா, அல்லது ஏதாவது கம்பெனியின் ஆளா? கம்பெனி ஆள் என்றால், இலவச நாப்கினைக் கொடுத்துவிட்டுப் பெற்றோரின் போன் நம்பரை வாங்கிப் போவார்கள். அப்புறம் உயரம் கூட்டும் பவுடர், 'ஹார்மோன் செக்கப் பேக்கேஜ்' என்று அழைப்பு வரும். பவுடர் உயரத்தைக் கூட்டாது. எந்த அறிகுறியும் இல்லாத பிள்ளைக்கு அந்தச் சோதனைகளும் தேவையில்லை. நம்பரைக் கொடுக்காதீர்கள்.

ஒரு விஷயத்தில் மட்டும் தாமதிக்கக் கூடாது. பெண் பிள்ளைக்கு 8 வயது முடியும் முன்பே மார்பு வளரத் தொடங்கினாலோ, ஆண் பிள்ளைக்கு 9 முடியும் முன்பே விதைப்பை பெரிதானாலோ குழந்தை மருத்துவரிடம் காட்டுங்கள். உங்கள் மகளுக்கு இப்போது 9 ஆகிவிட்டதே என்று விட்டுவிடாதீர்கள். 8-க்கு முன்பே தொடங்கியதா என்று யோசித்துப் பாருங்கள். அப்படியானால் கையில் எக்ஸ்ரே எடுத்து எலும்பின் முதிர்ச்சியைப் பார்ப்பார்கள். தேவைப்பட்டால் பருவமடைதலை ஊசி மருந்தால் நிறுத்திவைக்கலாம். தாமதித்தால் எலும்பு சீக்கிரமே முதிர்ந்து வளர்ச்சி நின்றுவிடும், உயரத்தைக் காப்பாற்றுவது கடினம். வெறும் வியர்வை நாற்றம் மட்டும் என்றால் அவசரம் இல்லை, அடுத்த முறை போகும்போது சொன்னால் போதும்.

சரி, வகுப்புக்கு முதல் நாளே நாப்கினைக் காட்டி, எப்படி வைப்பது என்று நீங்களே சொல்லிவிடுங்கள்.